மணல்மேட்டுக்கு ஒரு வாழ்நாள் சான்றிதழ்

அனுப்புநர்: கோடியக்கரைப் பக்கத்து ஓய்வூதியர் ஒருவர்.
பெறுநர்: கடற்கரையை அழகாக்கும் குழுவின் உயர் அலுவலர் அவர்கள்.
பொருள்: எங்கள் ஊர் மணல்மேடு உயிரோடு இருப்பதாகச் சான்று கோருதல் – தொடர்பாக.
பார்வை: என் சொந்தப் பார்வைதான். வலது கண்ணில் புரை.

ஐயா,

எங்கள் கடற்கரை மணலை நிரவி, நடைபாதை போட்டு, ஊர்ப் பெயரை ஆளுயர எழுத்தில் நிறுத்தி, அதன் முன்னால் படம் எடுத்துக்கொள்ள ஒரு மேடையும் கட்டப்போகிறீர்கள் என்று அறிந்து மகிழ்ந்தேன். இத்தனை காலம் இது எந்த ஊர் என்று தெரியாமல்தான் நாங்களும் திண்டாடிக்கொண்டிருந்தோம்.

அளக்க வந்த தம்பியிடம், "இது மணல்மேடாச்சே, தொடக் கூடாதே" என்றேன். "அது பழசு ஐயா. இப்ப இயங்குற மணல்மேட்டைத்தான் தொடக் கூடாது. இது சும்மாதானே கெடக்கு?" என்றார். அறிவிக்கைகளை எடுத்துப் பார்த்தேன், படித்த பிள்ளை, சரியாகத்தான் சொல்லியிருக்கிறார். 1991 கடலோர அறிவிக்கை, அழகுக்காகவும் பொழுதுபோக்குக்காகவும் மணல்மேட்டைத் திருத்தக் கூடாது என்றது. 2019இல் வந்ததில் அது 'இயங்கும் மணல்மேடு' என்று சுருங்கிவிட்டது. அதே அறிவிக்கை மணல்மேட்டைப் பவளப்பாறை, அலையாத்திக் காடு, ஆமை முட்டையிடும் கரை எல்லாவற்றோடும் முதல் பந்தியில் உட்கார வைத்திருக்கிறது. உட்கார வைத்துவிட்டு, "நீ உயிரோடுதான் இருக்கிறாயா?" என்று கேட்டால் எப்படி?

ஆக, மேடும் என் சாதிதான். ஆண்டுக்கொரு முறை நான் சாகவில்லை என்று காட்டினால்தான் எனக்கு ஓய்வூதியம். மேட்டுக்குக் கைரேகை இல்லை. (எனக்கு இருக்கிறது, இயந்திரம்தான் ஒப்புக்கொள்வதில்லை.) எனவே அதன் சார்பில் சாட்சிகளைக் கூட்டிவருகிறேன்.

முதல் சாட்சி ராவணன் மீசைப் புல். பெயருக்கேற்ற குத்தல். முற்றிய விதைத்தலை முள்பந்தாகக் கழன்று காற்றோடு உருண்டு ஓடும். வேர்பிடித்துத் தூறாகிவிட்டால் காற்று கொண்டுவரும் மணலை மறித்து நிறுத்தும். மணல் மூட மூட அது மேலே எழும்பும்; மேடும் கூடவே எழும்பும். பக்கத்தில் அடும்புக் கொடி கணுவுக்குக் கணு வேர்விட்டு மணலைத் தைத்து வைத்திருக்கிறது. இருவருக்கும் சம்பளம் கிடையாது, பஞ்சப்படி கிடையாது.

இரண்டாவது, குழி நண்டு. சாயங்காலம் வளைக்குள்ளிருந்து ஒரு பிடி மணலை அணைத்துக்கொண்டு வரும். விசிறி எறியும். கண்ணிரண்டையும் குச்சிபோல் நிமிர்த்தி நாலாபக்கமும் நோட்டம் விடும். பிறகு உள்ளே ஓடும். எங்கள் ஊரில் அனுமதியில்லாமல் மணல் அள்ளுவது அது ஒன்றுதான் என்று நான் சாதிக்க மாட்டேன்.

பங்குனி ஆமையை இரவில்தான் விசாரிக்க முடியும். தை பிறந்ததும் வரத் தொடங்கும். பின்துடுப்பால் குடம்போலக் குழி பறித்து, நூறு முட்டைக்கு மேல்கூட இட்டு, மணலை மூடி, உடம்பைத் தூக்கித் தூக்கி அடித்துத் திம்சு போடும். ஏறத்தாழ 45 முதல் 60 நாளில் வெளிவரும் குஞ்சுக்கு வழி தெரியாது. வெளிச்சம் எங்கேயோ அங்கேதான் கடல் என்று ஓடும். நீங்கள் விளக்குக் கம்பம் நட்டால் நேராக உங்கள் மேடைக்கு வந்துவிடும். ஒரு படம் எடுத்து அனுப்பிவிடலாம். வழியில் நாய்கள் விட்டுவைத்தால்.

இங்கே ஓர் ஒப்புதல் வாக்குமூலம். எழுத்தராக இருந்த காலத்தில் இந்த மேட்டைக் கணக்கில் 'தரிசு' என்று எழுதியவர்களில் நானும் ஒருவன். மேட்டோரத்தில் தோண்டிய ஊற்றில் தண்ணீர் குடித்து வளர்ந்த கை அது. உப்புக் கடலுக்கு இத்தனை அருகில் நல்ல தண்ணீர் எப்படி வந்தது என்று அன்று எனக்குத் தோன்றவில்லை. மேடு மழையைக் குடித்து, உப்புநீருக்கு மேல் மிதக்கவிட்டுக் காத்து வைத்திருந்தது. அதற்கெல்லாம் படிவத்தில் பத்தி இல்லை.

பக்கத்தில் கோடியக்கரைச் சரணாலயத்தைப் பாருங்கள். 1967இல் அறிவித்தார்கள். அங்கே காடு நிற்பதே பழைய மணல்மேடுகள் மேல்தான். வெளிமான் மேய்கிறது, மேட்டுச்சியில் ராமர் பாதம் இருக்கிறது. வேலிக்கு அந்தப் பக்கம் பாதம் பதித்ததால் ராமர் தப்பித்தார். இந்தப் பக்கம் வைத்திருந்தால் அவருக்கும் ஓடு பதித்திருப்பீர்கள்.

2004 சுனாமியில் மேடு உயர்ந்து நின்ற இடங்களில் அலை மட்டுப்பட்டதைக் கண்டவர்கள் இந்தக் கரையில் இன்னும் இருக்கிறோம். அதற்குப் பரிசாக, நெடுகப் பல இடங்களில் மேட்டின் தலையிலேயே சவுக்கை நட்டார்கள். சவுக்கின் சருகு மெத்தைக்குக் கீழே அடும்பும் முளைக்காது, ஆமையும் தோண்டாது. நட்டவர்களுக்கு நல்ல எண்ணம்தான். எனக்கு உங்கள் மேல் இருப்பதைப் போல.

ஆய்வுக்கு வருவதானால் ஆடிக் காற்றில் வாருங்கள். உச்சியில் ஒரு நாற்காலி போட்டுத் தருகிறேன், கோப்போடு உட்காருங்கள். நாற்காலிக் கால் எவ்வளவு புதைந்தது, கோப்பு எந்தப் பக்கம் பறந்தது என்று குறித்துக்கொண்டு, மேடு இயங்குகிறதா இல்லையா என்று நீங்களே எழுதிவிடலாம்.

தங்கள் உண்மையுள்ள,
(ஒப்பம்)

இணைப்பு: ராவணன் மீசை விதைத்தலை – 1. உறையை வெறுங்கையால் பிரிக்க வேண்டாம்.