பெயரில் மட்டும் கேஷ்

கே: கன்ட்ரி பாடகர் ஜானி கேஷை ரெக்கார்டு கம்பெனியே கழற்றிவிட்டதாமே?

ப: ஆமாம். பெயரில் இருந்த 'கேஷ்' கல்லாவில் விழவில்லை என்று 1986-ல் கொலம்பியா வழியனுப்பி வைத்தது. இத்தனைக்கும் 1968-ல் ஃபோல்சம் சிறைக்கே போய்க் கைதிகள் முன்னால் பாடி, ஹிட் ஆல்பம் கொடுத்தவர். ஆரம்பத்தில் டிரம்ஸ் கிடையாது. கிடார் தந்திகளுக்கு இடையில் ஒரு தாளைச் செருகி, சரக் சரக்கென்று தாளம் போட்டுக்கொண்ட சிக்கனக்காரர்! பிறகு ராப், மெட்டல் இசை தயாரித்த ஆசாமி ரிக் ரூபின் கூப்பிட்டு, தன் வீட்டு ஹாலில் வெறும் கிடாரோடு பாடவைத்தார். 1994-ல் வந்த அந்த ஆல்பத்துக்கு கிராமி. 1998-ல் இன்னொரு கிராமி. உடனே 'பில்போர்டு' பத்திரிகையில் முழுப்பக்க விளம்பரம்: தன்னைக் கைவிட்ட நாஷ்வில் கன்ட்ரி இசைப் பெரியவர்களுக்கு நன்றியாம். கூடவே, அவர் நடுவிரலைக் காட்டும் படம்! அது 1969-ல் சான் குவென்டின் சிறையில் எடுத்தது.