ஆற்றில் போட்டால் குளத்தில் வருமா? தரமணி மாமா பதில்கள்

கே: மாமா, கண்ணை மூடி ஒரு மந்திரம் சொன்னால் தரமணியில் மறைந்து மயிலாப்பூரில் முளைக்க முடியுமா? (வேளச்சேரி வாசகர்)

ப: கண்ணைத் தாராளமாக மூடுங்கள். மந்திரம் வேண்டாம், டிக்கெட் போதும். பறக்கும் ரயிலில் திருமயிலை ஏழாவது நிறுத்தம். ரொம்ப நேரம் மூடியிருந்தால் கடற்கரையில் முளைப்பீர்கள். அங்கே டிக்கெட் பரிசோதகரிடம் எந்த மந்திரமும் பலிக்காது.

கே: ஒரு பொருளை ஓர் ஊரில் மறைத்து வேறோர் ஊரில் எடுத்த கதை நம்மிடம் உண்டா? (அடையாறு வாசகி)

ப: பெரியபுராணத்திலேயே உண்டு. விருத்தாசலத்தில் சுந்தரருக்குச் சிவன் கொடுத்தது 12,000 பொன். 'மணிமுத்தாற்றில் போடு, திருவாரூர்க் குளத்தில் எடுத்துக்கொள்' என்று உத்தரவு. காக்கை பறக்கும் கணக்கில் பார்த்தாலே 90 கிலோமீட்டர் வரும். ஆற்றில் போட்டதைக் குளத்தில் தேடுவார்களா என்று மனைவி பரவையார் சிரித்தார். அந்தச் சிரிப்புதான் இன்றைக்கும் பழமொழியாக ஊர் சுற்றுகிறது.

கே: பொன் கிடைத்ததா இல்லையா? பாதியில் நிறுத்துகிறீர்களே! (அதே வாசகி)

ப: பதிகம் பாடிய பிறகு கிடைத்தது. ஆனால் சுந்தரர் லேசுப்பட்டவர் இல்லை. ஆற்றில் போடும் முன்பே அந்தப் பொன்னில் மாதிரிக்கு மச்சம் வெட்டிக் கையில் வைத்திருந்தார். உரைத்துப் பார்த்தால் மாற்றுக் குறைவு! மறுபடி பாடினார், மாற்றுச் சரியானது. அன்று உரைத்துச் சொன்னவர் என்று, அந்தக் கமலாலயக் குளக்கரையில் மாற்றுரைத்த விநாயகர் இன்றும் உட்கார்ந்திருக்கிறார். கடவுள் அனுப்பிய சரக்கையே உரசிப் பார்த்து வாங்கிய ஊர், தாயே!

கே: ஆளையே தூக்கிவந்த கதை? (தி. நகர் வாசகர்)

ப: பாகவதத்தில் சித்ரலேகை. தோழி உஷை கனவில் கண்டவன் யார் என்று தெரியவில்லை. ராஜகுமாரர்களை வரிசையாக வரைந்து காட்டி, 'இவன்தான்' என்று சொல்ல வைத்தாள். பிறகு துவாரகையில் தூங்கிக்கொண்டிருந்த அநிருத்தனைச் சோணிதபுரத்து அந்தப்புரத்தில் கொண்டுவந்து இறக்கினாள். விலாசம் சரிபார்த்துதான் டெலிவரி. என்ன, சரக்கின் தாத்தா கண்ணன். படையோடு வந்துவிட்டார்.

கே: யானை, குதிரை, மந்திரம். எது வேகம்? (பள்ளி மாணவி, திருவான்மியூர்)

ப: தும்பிக்கை. சுந்தரர் வெள்ளை யானையில் கயிலைக்குக் கிளம்பினார், சேரமான் குதிரையில் பின்தொடர்ந்தார். ஔவையாரோ பூஜையை நிதானமாக முடித்தார். பிள்ளையார் தும்பிக்கையால் தூக்கி இருவருக்கும் முன்னால் வைத்துவிட்டார் என்பது கதை. உன் வயதில் நான் மனப்பாடம் செய்த பாட்டி அவர்; அவர் ஜெயித்ததில் இன்றைக்கும் எனக்குச் சந்தோஷம்.

கே: போகர் குளிகை போட்டுச் சீனா போனாராமே? (கொட்டிவாக்கம் வாசகர்)

ப: கட்டிய பாதரசத்தைக் குளிகையாக்கி வாயில் அடக்கினால் ஆகாயத்தில் போகலாம் என்பது சித்தர் மரபு. மரபைக் கும்பிடுங்கள், பாதரசத்தைத் தொடாதீர்கள். அது நரம்பையும் சிறுநீரகத்தையும் கெடுக்கும். பறப்பீர்கள், ஆம்புலன்சில்.

கே: சினிமாவில் இந்த வித்தைக்கு ராஜா யார்? (கோட்டூர்புரம் வாசகர்)

ப: எஸ்.வி. ரங்காராவ். 'பாதாள பைரவி'யில் (1951) மந்திரவாதியாக வந்து இளவரசியை அரண்மனையோடு பெயர்த்துக்கொண்டு போனார். 'மாயா பஜார்' படத்தில் (1957) கடோத்கஜனாக வந்து தூங்கும் வத்சலாவைக் கட்டிலோடு தூக்கினார். இரண்டுக்கும் ஒளிப்பதிவு மார்கஸ் பார்ட்லி. கம்ப்யூட்டர் இல்லாத காலத்து வடபழனி அது. மந்திரவாதி யார் என்று இப்போது சொல்லுங்கள்!

கே: அந்த மாயத்தை எங்கே கற்கலாம்? (அதே வாசகர்)

ப: தரமணியில்தான், எம்.ஜி.ஆர். அரசு திரைப்படக் கல்லூரியில். ஒளிப்பதிவாளர் பி.சி. ஸ்ரீராம் படித்த இடம். 'ஊமை விழிகள்' (1986) எடுத்த பையன்கள் வந்த இடம். ஆளை மறைய வைக்கும் பூஜை சுலபம்: கேமராவை அசைக்காதே, நிறுத்து, ஆளை நகர்த்து, மறுபடி ஓட்டு. 1896இல் பிரெஞ்சு சினிமாக்காரர் மெலியேஸ் பாரிஸ் தெருவைப் படமெடுத்தபோது கருவி சிக்கி நின்றதாம். சரிசெய்து ஓட்டினால், திரையில் போய்க்கொண்டிருந்த பயணி வண்டி சவ வண்டியாக மாறியிருந்ததாம். அவரே சொன்ன கதை.

கே: இங்கே மறைத்து அங்கே வரவைப்பதை விஞ்ஞானிகள் நிஜமாகவே செய்துவிட்டார்கள் என்று பையன் சொல்கிறான். டூப்பா? (டைடல் பார்க் வாசகி)

ப: பையன் சொல்வது நிஜம். கணக்கை 1993இல் ஆறு பேர் எழுதினார்கள். 1997இல் இன்ஸ்ப்ரூக்கில் ஒளித்துகளை வைத்துச் செய்து காட்டினார்கள். 2017இல் சீனா தரையிலிருந்து செயற்கைக்கோளுக்கு 1,400 கி.மீ. வரை சாதித்தது. போவது துகள் இல்லை, அதன் நிலை மட்டும். இங்கே இருந்தது அழிந்தால்தான் அங்கே உருவாகும். நகல் எடுக்க இயற்கை விடாது. அதோடு, இங்கே அளந்த விடையைச் சாதாரண வழியில் அந்தப் பக்கம் சொல்லியாக வேண்டும். பாதி மந்திரம், மீதி டெலிபோன். பையனுக்கு இதில் ஆசையிருந்தால் அடக்காதீர்கள். குவாண்டம் தகவலை ஆராய்கிறவர்கள் உங்கள் பக்கத்திலேயே, கணித அறிவியல் நிறுவனத்தில் இருக்கிறார்கள். 1962இல் தொடங்கிய இடம்.

கே: அப்படியே என் வீட்டுக்காரரை அமெரிக்கா அனுப்பலாமா? (அவரே)

ப: 70 கிலோ உடம்பில் அணுக்கள் ஏறத்தாழ 7, அதன் பின்னால் 27 சுழி. பாதியில் நெட் போனால் எந்தப் பாதி உங்களுக்கு?

கே: தூரத்து அரிசியைத் தானே இழுக்கும் 'ரைஸ் புல்லிங்' கலசம் விலைக்கு வருகிறது. இரிடியமாம், கோடிக்கு விற்கலாமாம். வாங்கலாமா? (மேடவாக்கம் வாசகர்)

ப: வாங்காதீர்கள். கெஞ்சிக் கேட்கிறேன். அரிசியில் இரும்புத்தூள், கலசத்தில் காந்தம். இதை நம்பி வீட்டை அடகு வைத்தவர்கள் உண்டு. விற்றவர்களைப் போலீஸ் திரும்பத் திரும்பப் பிடிக்கிறது. உங்கள் வீட்டு டப்பாவிலிருந்து ஒரு பிடி அரிசி கொண்டுபோய், 'இதை இழுக்கச் சொல்' என்று கேளுங்கள். கலசம் அசையாது, ஆள் மறைவான். அந்த மறைவு மட்டும் அசல்.

கே: வேதாளம் மட்டும் ஏன் ஒவ்வொரு தடவையும் முருங்கை மரத்துக்கே போகிறது? (மந்தைவெளி வாசகர்)

ப: விக்கிரமன் வாயைத் திறந்து பதில் சொன்னதால். கடைசிக் கதைக்கு அவனுக்குப் பதில் தெரியவில்லை. வேதாளம் தோளை விட்டு நகரவே இல்லை.