கீழே எழுத்து ஓடவிடுவது எப்படி?

தேயிலைத் தோட்டத்தில் கல்யாணமோ சடங்கோ கோயில் திருவிழாவோ எது நடந்தாலும் போனில் பிடித்து, இரவோடிரவாக வெட்டி ஒட்டி, பாட்டும் சேர்த்து, விடிவதற்குள் வாட்ஸ்அப்பில் ஏற்றிவிடுகிற தம்பிமாருக்காக எழுதப்பட்டது இது. "அடியில எழுத்துப் போட்டா நல்லா இருக்குமே" என்று ஓர் அக்கா சொல்லியிருப்பார். அந்த அக்காவைத் தேடிப் பிடித்து வேலையை அவர் தலையிலேயே கட்டிவிடுவது ஆகச் சுலபமான வழி. அது நடக்காவிட்டால் மட்டும் மேற்கொண்டு படிக்கவும்.

முதலில் யார் படிக்கப்போகிறார்கள் என்று முடிவுசெய்யுங்கள். 1964 இலங்கை-இந்திய ஒப்பந்தத்தில் பேர் விழுந்து கோத்தகிரிக்கும் கூடலூருக்கும் போன பெரியப்பா குடும்பத்துக்கு எழுத்தே தேவையில்லை. அவர்கள் அங்கேயும் தேயிலைக்குள்தான் இருக்கிறார்கள். தேயிலைச் செடியைக் கவ்வாத்து வெட்டுவது எப்படி என்று உங்களுக்கே பாடம் எடுப்பார்கள். குவைத்தில் வீட்டு வேலைக்குப் போன சித்திக்குத்தான் தேவை. அவருக்குத் தமிழ் தெரியாது என்பதால் அல்ல. வீட்டுக்கார அம்மா எழுந்துவிடுவாளோ என்று சத்தத்தை முழுதாகக் குறைத்துவிட்டு, போர்வைக்குள் வைத்துத்தான் அவர் தம்பி கல்யாணத்தைப் பார்க்கிறார். ஆகவே தமிழ்ப் பேச்சுக்குத் தமிழிலேயே எழுத்துப் போடுவது வீண்வேலை என்று யாராவது சொன்னால் அவரிடம் வாதாட வேண்டாம். சித்தியின் நம்பரைக் கொடுங்கள்.

கினிகத்தேனையில் இருந்து வாழ்க்கைப்பட்டு வந்த சிங்கள அண்ணிக்காகச் சிங்களமும், கனடாவில் பிறந்த பிள்ளைகளுக்காக ஆங்கிலமும் சேர்க்கலாமே என்று ஆசை வரும். அரசாங்கப் பெயர்ப்பலகையைப் போல மூன்று மொழியையும் அடுக்கினால் மணப்பெண் நெற்றிச்சுட்டிக்கு மேல்தான் தெரிவாள். எதற்கும் மாமியார் வீட்டாரைக் கேட்டுக்கொள்ளுங்கள். சிலருக்கு அது வசதியாகவும் இருக்கலாம்.

இனி, தானாக எழுத்துப் போடும் வசதி. கேப்கட் மாதிரியான செயலிகளில் ஒரு பொத்தானைத் தட்டினால் மிஷினே கேட்டு எழுதித் தருமாம். தாராளமாகத் தட்டுங்கள், வீட்டில் சிரிப்பதற்கு வேறு செலவு தேவைப்படாது. அந்த மிஷினுக்கு யார் தமிழ் சொல்லிக் கொடுத்தார்களோ, அவர்கள் காலையில் வேலை பிரிக்கும் பிரட்டுக் களத்தில் நின்றவர்கள் இல்லை. "இன்னைக்கு அரைப் பேருதான்" என்று அக்கா அலுத்துக்கொண்டால் அது 'அரைப் பெயர்' என்று திருத்தமாக எழுதும். பல தோட்டங்களில் 18 கிலோ நிறுத்தால்தான் முழுப் பேர், குறைந்தால் பாதிச் சம்பளம் என்பது அதற்கு எப்படித் தெரியும்? தோட்டத்துப் பெயர்களைக் கேட்டால் இன்னும் குழம்பும். ஸ்கொட்லாந்துத் துரைமார் ஊர் நினைப்பில் வைத்துவிட்டுப் போன பெயர்கள் அவை. பூண்டுலோயாவில் இருக்கும் டன்சினன் ஷேக்ஸ்பியரின் மெக்பெத் நாடகத்தில் வருகிற மலை. தோட்டத்துப் பெயர் வருகிற அதே வாக்கியத்தில் "மாத்தையா" என்று சிங்களமும் "சுப்பவைசர்" என்று ஆங்கிலமும் வந்து நின்றால் மிஷின் கையை விரித்துவிடும். சிக்னலுக்காகக் குன்றின் மேல் பாறையில் ஏறி நின்று, டேட்டாவை எரித்து, இதை வாங்கி வருவதற்குப் பதிலாக நீங்களே கேட்டு எழுதினால் மழைக்கு முன் வீட்டுக்கு வந்துவிடலாம்.

எழுதும்போது எழுத்துருவைக் கவனியுங்கள். இந்த நாட்டில் பாமினி ஒரு தலைமுறையையே தட்டச்சுப் பழக்கியது. டவுனில் கல்யாணப் பத்திரிகை அடிக்கும் அண்ணன் இன்னமும் அதில்தான் அடிக்கிறார். அவரிடம் அடித்து வாங்கிய வரிகளை அப்படியே செயலிக்குள் ஒட்டினால் 'தமிழ்' என்ற சொல் நாலு ஆங்கில எழுத்தும் ஓர் அரைப்புள்ளியுமாக வந்து விழும். யூனிகோடில் அடித்துவிட்டாலும் நிம்மதி கிடையாது. ஒற்றைக்கொம்பை எழுத்துக்குப் பின்னால் சேமித்து முன்னால் காட்ட வேண்டும் என்பது சில செயலிகளுக்குத் தெரியாது. அவற்றில் 'கொழுந்து' என்று போட்டால் கொம்பு ஒரு பக்கம், கால் ஒரு பக்கமாகக் கவ்வாத்து வெட்டிவிடும். வேறு எழுத்துரு மாற்றிப் பாருங்கள். நிறத்தைப் பொறுத்தவரை, சாயங்காலம் நாலு மணிக்கு நானுஓயாப் பக்கம் எடுத்த வீடியோவில் வெள்ளை எழுத்துப் போடுபவர் தன் உழைப்பை மூடுபனிக்குத் தானம் செய்கிறார். மஞ்சள் எழுத்து, சுற்றிக் கறுப்புக் கோடு. ரசனையில்லை என்பார்கள், படிக்கவாவது முடியும்.

கம்ப்யூட்டர் வைத்திருப்பவர்கள் எழுத்தை எஸ்ஆர்டி என்ற தனிக் கோப்பாகச் செய்வார்கள். வரிசை எண், தொடங்கும் நேரம், முடியும் நேரம், வசனம், பிறகு ஒரு வெற்று வரி, அவ்வளவுதான். நொடிக்கும் மில்லிநொடிக்கும் நடுவே வருவது காற்புள்ளி. முற்றுப்புள்ளி வைத்துவிட்டு இரவு முழுக்க மென்பொருளைத் திட்டியவர்கள் உண்டு. அழகான ஏற்பாடுதான், பிழை இருந்தால் பிறகும் திருத்தலாம். ஆனால் வாட்ஸ்அப் அந்தக் கோப்பைச் சட்டை செய்யாது. எழுத்தைப் படத்தோடு சேர்த்துச் சுட்டுவிட வேண்டியதுதான். சுட்டபின் மாமாவின் பெயரில் ஓர் எழுத்து குறைந்தது தெரியவந்தால் மாமா அடுத்த கல்யாணம் வரை பேசமாட்டார்.

நெட்ஃபிளிக்ஸ்காரர்களுக்கு இதற்கெல்லாம் சட்டம் இருக்கிறது. ஆங்கிலத்துக்கு ஒரு வரியில் 42 எழுத்து, ஒரு நேரத்தில் இரண்டே வரி, ஏழு நொடிக்கு மேல் எதுவும் திரையில் நிற்கக் கூடாது. அந்தச் சட்டத்தை எழுதியவர்கள் சீர்வரிசைத் தட்டை எண்ணிக்கொண்டே பேசும் அத்தையைப் பார்த்ததில்லை. மூச்சு விடாமல் போன வருசத்துக் கணக்கிலிருந்து தொடங்குவார். 'வந்து', 'அதாவது', 'நான் என்ன சொல்றேன்னா' எல்லாவற்றையும் தயங்காமல் வெட்டுங்கள். "சீர் குறைவு" என்று இரண்டு சொல் போட்டால் போதும், மீதி முகத்திலேயே இருக்கிறது. அப்பாயியின் வசவை மட்டும் வெட்டாதீர்கள். அடைப்புக்குறிக்குள் 'அன்பாகத் திட்டுகிறார்' என்று எழுதுபவர்களுக்கு அடுத்த வசவு நேரடியாகவே கிடைக்கும். மாசியில் காமன் கூத்தை எடுத்திருந்தால் தப்புச் சத்தத்தில் ரதியின் புலம்பல் ஒரு வரிகூடப் பதிவாகியிருக்காது. பாடிய மாஸ்டரிடமே போய் எழுதி வாங்குங்கள். நோட்டுக் கொப்பியோடும் ஒரு தேத்தண்ணிக்கு நேரத்தோடும் போகவும்.

யாருடைய பேச்சுக்கு எழுத்து என்ற சிக்கல் கடைசியாக வரும். இதற்கு நம் மலையில் பழைய மரபொன்று உண்டு. மேடையில் பேசும் தலைவருக்கு ஒவ்வொரு சொல்லுக்கும் எழுத்து, பெரிதாக, பெயர் பட்டத்தோடு. கொழுந்து எடுக்கும் பெண் வாயைத் திறந்தால் புல்லாங்குழல். டெவோன் நீர்வீழ்ச்சிக்கு எதிரில் நின்று வெளிநாட்டுக்காரர் எடுக்கும் வீடியோக்களைப் பாருங்கள். அக்காமார் அவரிடம் ஏதோ கேட்கிறார்கள், சொல்கிறார்கள், தங்களுக்குள் அவரைக் கிண்டலும் செய்கிறார்கள். அடியில் ஒன்றும் ஓடாது, இசைதான் ஓடும். அவரை மட்டும் குறைசொல்லக் கூடாது. 1934இல் இலங்கைத் தேயிலைப் பிரசார சபையின் பணத்தில் பேசில் ரைட் எடுத்த 'சிலோனின் பாடல்' உலகப் புகழ் பெற்ற ஆவணப்படம். மறு வருடம் பிரசல்ஸில் பரிசும் வாங்கியது. அதன் மூன்றாம் பாகத்துக்கு 'வர்த்தகத்தின் குரல்கள்' என்று பெயர். உழைக்கிறவர்களைப் படம் காட்டும். காதில் சந்தை விலையும் வியாபாரப் பேச்சும் கேட்கும். படத்தின் வர்ணனையை லயனல் வெண்ட் ஆங்கிலத்தில் வாசிக்கிறார். அது ரொபர்ட் நொக்ஸ் இலங்கையைப் பற்றி 1681இல் வெளியிட்ட நூலிலிருந்து எடுத்தது. ஜேம்ஸ் டெய்லர் கண்டிப் பக்கம் லூல்கந்துரவில் நாட்டின் முதல் வணிகத் தேயிலைத் தோட்டத்தைப் போட்டதே 1867இல்தான். தேயிலையே இல்லாத காலத்து வசனம் தேயிலைச் சபையின் படத்துக்குப் பொருந்தியது; கூடை சுமந்தவர்கள் பேசியது பொருந்தவில்லை.

அந்த மரபைக் காப்பாற்ற நினைப்பவர்கள் இணையத்தில் 'அமைதியான மலை இசை' என்று தேடினால் இலவசமாகக் கிடைக்கும். வேண்டாம் என்பவர்கள் கொழுந்து நிறுக்கிற இடத்துக்குப் போனைக் கொண்டுபோய், யாருடைய முகமும் சிக்கலில் மாட்டாதபடி தராசை மட்டும் பார்த்துப் பிடிக்கவும். படங்கு கட்டிய ஓர் அக்கா எப்படியும் கேட்பார்: "ஈரத்துக்குன்னு எத்தன கிலோ வெட்டுனீங்க?" பாட்டை நிறுத்துங்கள். ஒரே வரி, மூன்று நொடி, வந்துபோகும் அலங்காரம் எதுவும் வேண்டாம். இதற்கு மட்டும் தமிழோடு சிங்களமும் ஆங்கிலமும் சேர்த்தே போடுங்கள், கொழும்பில் இருக்கும் கம்பனிக்காரர்களும் வாட்ஸ்அப் பார்க்கிறார்கள். திரை நிறைந்துபோனால் பரவாயில்லை. அங்கே மறைவதற்கு மணப்பெண் யாரும் நிற்கவில்லை.