சாகிறவர் கவனத்துக்கு: சம்பளச் சிட்டை அவசியம்

புத்தளம்–கொழும்பு வீதியில் லொறிக்கு அடியில் போகவிருக்கும் பெருமக்களுக்கு ஒரு வேண்டுகோள். தயவுசெய்து சம்பளச் சிட்டையோடு சாகுங்கள். இல்லாவிட்டால் உங்கள் உயிருக்கு விலை போடுகிறவர்களுக்கு வீண் சிரமம்.

கணக்கு எளிது. செத்தவர் மாதம் எவ்வளவு உழைத்தார்? அதில் தன் சோற்றுக்கும் தேத்தண்ணிக்கும் பீடிக்கும் எவ்வளவு போயிற்று? மிச்சம் வீட்டுக்கு வந்ததா? இன்னும் எத்தனை வருஷம் உழைத்திருப்பார்? கழித்துப் பெருக்கினால் வருவதே நட்டஈடு. ரோமன் டச்சுச் சட்டத்தின் வழி இது. கற்பிட்டியில் ஒல்லாந்தர் கட்டிய கோட்டையில் கடற்படை குடியிருக்கிறது. ஒல்லாந்தர் விட்டுப்போன சட்டத்தில் நாம் குடியிருக்கிறோம்.

நுரைச்சோலை அனல்மின் நிலைய எஞ்சினியர் என்றால் கவலையில்லை, சிட்டை இருக்கும். உப்பளத்தில் நாட்கூலிக்கு உப்பு வாரும் பெண் எதைக் காட்டுவாள்? கை வெடிப்பையா? கடலுக்குப் போனவருக்கு ஒருநாள் வலை நிறையும், மறுநாள் டீசல் காசும் தேறாது. “மாத வருமானத்துக்கு அத்தாட்சி உண்டா?” என்று எதிர்த்தரப்புச் சட்டத்தரணி கேட்பார். மீன் பில் கொடுப்பதில்லை, ஐயா. கல்யாணப் பத்திரம் எங்கே, பிறப்புப் பத்திரம் எங்கே என்று அடுத்த கேள்வி வரும். 1990 அக்டோபரில் வடக்கிலிருந்து விரட்டப்பட்டு உடுத்த துணியோடு இங்கே வந்து சேர்ந்தவர்களிடமும் அதே கேள்விதான்.

வீட்டிலிருக்கும் உம்மா செத்தால் கணக்கு இன்னும் சுலபம். விடிய முன் எழும்பி, இரவு எல்லாரும் படுத்த பிறகு படுக்கிறவளின் வருமானம்: பூச்சியம்.

குழந்தைக்கு? உழைக்காத பிள்ளை செத்தால் என்ன நட்டம்? பெற்றவரின் துயரத்துக்குக் காசில்லை என்று 2001இல் பிரியானி சொய்சா வழக்கில் உயர் நீதிமன்றம் சொல்லிவிட்டது. அது வைத்தியத் தவறு பற்றிய வழக்கு. விதி என்னவோ வீதிக்கும் அதுதான். பாசத்தையும் துணையையும் இழந்ததற்கும் நட்டஈடு கேட்கலாம் என்று ஒரு சட்டம் வர 2019 ஆகிவிட்டது. பிள்ளை செத்தால் தாய் அழுவாள் என்று கண்டுபிடிக்கப் பாராளுமன்றத்துக்குப் 18 வருஷம்!

முடிந்தால் கூட்டமாகச் சாகுங்கள். 2025 மே மாதம் கொத்மலையில் இ.போ.ச. பஸ் பள்ளத்தில் விழுந்து இருபதுக்கு மேற்பட்டோர் செத்தபோது, குடும்பத்துக்குப் பத்து லட்சம் என்று அரசு உடனே அறிவித்தது. கொடுத்தது நல்லது, குறை சொல்லவில்லை. மதுரங்குளிச் சந்தியில் சைக்கிளோடு தனியாகச் செத்தவன் வீட்டுக்கு அமைச்சரும் வருவதில்லை, கேமராவும் வருவதில்லை. வருகிறவர் வாகனக்காரரின் ஆள்.

ஜனாஸா அடக்கி மண் காயுமுன் செத்தவனின் மனைவியிடம் கடித உறையோடு வருவார். “தாத்தா, மௌத்தானவர் திரும்பி வரப்போறாரா? கோர்ட்டுக்குப் போனா வருஷக்கணக்கில இழுபடும். எங்கட டிரைவரும் பிள்ளைகுட்டிக்காரன்.” கோர்ட் இழுபடும் என்பது உண்மை. அந்த உண்மையைக் காட்டித்தான் மிரட்டுகிறார்கள். ஆட்சேபனையில்லை என்று அவள் வைக்கும் ஒரு கையெழுத்தில் காப்புறுதிக் கம்பனிக்கு லட்சங்கள் மிச்சம்.

இந்தியாவில் 2009இல் சரளா வர்மா வழக்கில் உச்ச நீதிமன்றம் ஒரு அட்டவணை போட்டது. 25 வயதுவரை 18ஆல் பெருக்கு, 65ஐத் தாண்டினால் 5ஆல் பெருக்கு. தாராளமான கணக்கல்ல; ஆனால் பேரத்துக்கு இடம் குறைவு. வீட்டுவேலைக்கும் வருமானம் உண்டு என்று 2021இல் கீர்த்தி வழக்கில் அதே நீதிமன்றம் உறுதிப்படுத்தியது. யார் தவறு என்று நிரூபிக்காமலே ஐந்து லட்சம் என்று 2019இல் அங்கே சட்டத்தைத் திருத்தினார்கள். பக்கத்து நாட்டிலிருந்து பருப்பும் வெங்காயமும் இறக்கத் தெரிந்த நமக்கு இதை இறக்கத் தெரியவில்லை.

மூன்றாம் தரப்புக் காப்புறுதி இல்லாமல் வாகனம் வீதிக்கு வரக்கூடாது என்பது 1951ஆம் ஆண்டுச் சட்டம். ஒவ்வொரு லொறியும் அதற்குப் பணம் கட்டுகிறது. அது செத்தவன் வீட்டுக்குச் சேர வேண்டிய பணம். யாரும் போடும் பிச்சையல்ல.

அதனால், கத்தமோ அந்தியேட்டியோ முடியுமுன் எவர் நீட்டும் காகிதத்திலும் கையெழுத்து வைக்காதீர்கள். வழக்குப் போடச் சட்டம் இரண்டு வருஷம் தருகிறது. உறை கொண்டுவருகிறவர் அதை உங்களுக்குச் சொல்லமாட்டார்.