நாக்கு படும் பாடு

ஆங்கிலத்தில் 'வ' இரண்டு என்கிறாள் என் மகள். ஒன்றுக்கு மேற்பல் கீழுதட்டைத் தொட வேண்டுமாம். மற்றொன்றுக்கு உதட்டைக் குவிக்க வேண்டுமாம். "வெஸ்ட், வெஸ்ட். ஒண்ணு மேற்கு, ஒண்ணு பனியன். வித்தியாசம் தெரியுதாப்பா?" என் காதுக்கு இரண்டும் ஒரே திசைதான்.

அவர்கள் மொழியில் உயிரெழுத்து ஐந்தே ஐந்து. பிரிட்டிஷ் உச்சரிப்பில் உயிரொலியோ 20 என்பது ஒலியியலார் கணக்கு. ஐந்து குமாஸ்தாக்கள் இருபது நாற்காலியில் மாறி மாறி உட்காரும் அலுவலகம் அது. எந்த நேரத்தில் யார் எங்கே இருப்பார் என்று மனு கொண்டு போனவனுக்குத் தெரியாது. பாதி நேரம் ஐந்து பேருமே வாயைத் திறக்காமல் முனகுகிறார்கள். 'சோஃபா'வின் கடைசியில் கேட்கும் அந்த முனகலுக்கு 'ஷ்வா' என்று பெயர். ஆங்கிலத்தில் மிக அதிகமாக ஒலிக்கும் உயிர் அதுதான். பள்ளியில் அதை யாரும் நமக்கு அறிமுகப்படுத்தவில்லை.

இந்தக் குழப்பத்தில் அச்சகத்துக்கும் பங்கு உண்டு. 1476-ல் வில்லியம் காக்ஸ்டன் இங்கிலாந்தில் அச்சுக்கூடம் திறந்தார். எழுத்து மெல்ல மெல்ல அச்சில் உறைந்தது. அதே காலத்தில் நெடில்களெல்லாம் வாய்க்குள் வீடு மாறிக்கொண்டிருந்தன. 'நைஃப்' என்ற சொல்லின் முன்னால் நிற்கும் 'கே' அன்று வேலை பார்த்தது. இன்று ஓய்வூதியம் வாங்குகிறது. கடனைக் குறிக்கும் 'டெட்' என்ற சொல்லில் 'பி' முதலில் இல்லை. லத்தீன் பூர்வீகத்தைக் காட்டப் பண்டிதர்கள் பின்னால் செருகியது. கடன் என்றால் வட்டி சேரத்தானே செய்யும்!

பெர்னார்ட் ஷா புது எழுத்துமுறை உருவாக்க உயிலில் பணமே ஒதுக்கினார். அந்த எழுத்தில் அவர் நாடகம் ஒன்று 1962-ல் அச்சாயிற்று. நாடு அசையவில்லை.

நம்மிடமும் 'க' ஒன்றுதான். 'கல்', 'தங்கம்', 'பகல்' மூன்றிலும் வேறு வேறாக ஒலிக்கிறது. ஆனால் அது நிற்கும் இடத்தைப் பார்த்தாலே ஒலி தெரிந்துவிடும். 'ஸ்கூல்' நம் வாயில் 'இஸ்கூல்' ஆவதற்கும், 'புக்' என்பது 'புக்கு' ஆவதற்கும்கூடக் காரணம் உண்டு. தமிழ்ச் சொல் இரண்டு மெய்யோடு தொடங்காது. வல்லின மெய்யில் முடியாது. பள்ளிக்கூடம் பக்கமே போகாதவர் நாக்கும் தொல்காப்பியத்துக்குக் கட்டுப்படுகிறது.

ஆகவே, யாராவது 'இஸ்கூல்' என்றால் சிரிக்காதீர்கள். அவர் இலக்கணப்படிதான் பேசுகிறார்.