'கொஞ்ச தூரம்' என்னும் நீட்டலளவை

கோவைக்கு மேற்கே, பூண்டி அடிவாரத்திலிருந்து வெள்ளியங்கிரியின் ஏழாவது மலைக்குப் போகும் வழியில், ஏறுகிறவர் "இன்னும் எவ்வளவு தூரமுங்க?" என்று கேட்பதும், இறங்குகிறவர் "அவ்ளோதானுங்க, இன்னும் கொஞ்ச தூரந்தான்" என்று சொல்வதும் பிப்ரவரி முதல் மே வரை இரவெல்லாம் நடக்கிறது. இப்பதில் பச்சைப் பொய் என்பதே முழங்கால் வலித்த அறிஞர்கள் அனைவரின் கொள்கை. இக்கட்டுரை அதை மறுக்கிறது. மலையேற்றத்தில் நம்பத்தக்க ஒரே அளவை 'கொஞ்ச தூரம்'தான், ஏமாற்றுவது கிலோமீட்டர்.

ஒருவழிப் பாதை சுமார் 6 கிலோமீட்டர் என்கிறார்கள். கேட்டவுடன் நகரவாசியின் மூளை ஒன்றேகால் மணி நேரம் என்று கணக்குப் போட்டு, காலை டிபனை எங்கே சாப்பிடலாம் என்பது வரை தீர்மானித்துவிடுகிறது. எண் சரி, எதிர்பார்ப்புதான் தப்பு. ஸ்காட்லாந்து மலையேறி வில்லியம் நெய்ஸ்மித் 1892-லேயே இதற்கு ஒரு சூத்திரம் சொன்னார்: மூன்று மைலுக்கு ஒரு மணி நேரம், அதோடு ஏறும் ஒவ்வொரு 2,000 அடிக்கும் இன்னொரு மணி நேரம். ஆயிரம் மீட்டருக்கு மேல் ஏற வேண்டிய வெள்ளியங்கிரிக்கு அதைப் பொருத்தினால் மூன்று மணி நேரம் ஆகிறது. அதுவும் எங்கும் உட்காராத, திடகாத்திரமான ஸ்காட்லாந்துக்காரருக்கு. முதல் மலையின் படிக்கட்டிலேயே சோடா தேடும் நம்மவருக்கு நெய்ஸ்மித் சலுகை எதுவும் தரவில்லை. 'கொஞ்ச தூரம்' இந்தப் பிழையைச் செய்வதில்லை. அதை எந்த மணிக்கணக்காகவும் மாற்ற முடியாது என்பதால் அதை நம்பி யாரும் டிபனுக்குத் திட்டமிடுவதில்லை.

வழியிலே பொய்த்துப் போகும் ஆறுதல் ஆளைச் சோர்த்துவிடாதா என்று கேட்கலாம். சோர்க்கும், மறுக்கவில்லை. ஆனால் அடுத்த வளைவில் இன்னொருவர் அதையே புதிதாகச் சொல்லிவிடுகிறார். மலையை ஏழாகப் பிரித்து எண்ணுவதும், என் ஊகத்தில், பாரத்தைத் தவணையில் கட்ட வைக்கும் ஏற்பாடே. முழு உண்மையை அடிவாரத்திலேயே சொல்லிவிடலாமே என்போரும் உண்டு. அங்கே மூங்கில் தடி விற்கிறார்கள். அதைவிடத் தெளிவாக யாரால் எச்சரிக்க முடியும்? தடியை வாங்கிச் செல்பி எடுத்துக்கொள்பவர் எதைச் சொன்னாலும் கேட்கப்போவதில்லை.

ஆகவே, இறங்கி வருபவரிடம் தூரம் கேட்காதீர்கள். வழியிலுள்ள பாம்பாட்டிச் சுனையில் தண்ணீர் வருகிறதா என்று கேளுங்கள். அதற்குச் சரியான பதில் கிடைக்கும்.