சட்டை போட்ட யவனர்

கோட்டூர்புரத்தில் அண்ணா நூற்றாண்டு நூலகத்துக்குப் படிக்க வருகிறவர்கள் உண்டு, குளுகுளுவென்று உட்கார வருகிறவர்களும் உண்டு. நான் இரண்டாவது ரகம். ஒரு மே மாத மதியம், தூங்கி விழாமல் இருக்க முல்லைப்பாட்டைப் புரட்டினேன். அரசனின் பாசறையில் சட்டை போட்ட யவனர்கள் இருக்கிறார்கள். காவல் நிற்கும் மிலேச்சர்களுக்கோ நாக்கில் நம் பேச்சு வராது. கையைக் காலை ஆட்டியே சமாளிக்கிறார்கள். அட, இது தமிழ்ப்பட டைரக்டர் எல்லிஸ் ஆர். டங்கன் அல்லவா!

யவனர் என்றால் முதலில் கிரேக்கர்தான். அப்புறம் மேற்கிலிருந்து கப்பலில் வந்து இறங்கியவரெல்லாம் யவனர். ஒஹையோ மாநிலத்துக்காரர் ஒருவரையும் அந்தக் கணக்கில் சேர்த்தால் புலவர்கள் கோபிக்க மாட்டார்கள்.

டங்கனும் மாணிக் லால் டாண்டனும் கலிஃபோர்னியாவில் ஒன்றாகச் சினிமா படித்தவர்கள். 'எங்கள் ஊருக்கு வாயேன்' என்றார் டாண்டன். சில மாதம் இருந்துவிட்டுப் போகலாம் என்று 1935-ல் வந்த விருந்தாளி, மூட்டை கட்டியபோது 1950. அவர் வந்த சமயம் டாண்டன் தமிழில் 'பக்த நந்தனார்' எடுத்துக்கொண்டிருந்தார். நந்தனார் வேஷம் கட்டிய கே.பி. சுந்தராம்பாளுக்குச் சம்பளம் ஒரு லட்சம் ரூபாய். ஏழை நந்தனாரே நேரில் வந்திருந்தால் மயங்கி விழுந்திருப்பார்.

அடுத்த படமான 'சதி லீலாவதி' டாண்டனுக்கு ஒத்துவரவில்லை. நண்பனைக் கைகாட்டிவிட்டார். கதை, எஸ்.எஸ். வாசன் எழுதிய தொடர்கதை. எங்கள் 'பதிபக்தி' நாடகத்தின் கதை இது என்று எதிர்த்தரப்பு கோர்ட்டுக்குப் போக, இரண்டுக்குமே மூலம் ஹென்றி உட் சீமாட்டியின் ஆங்கில நாவல்தான் என்று வாசனே சொல்ல, வழக்கு பிசுபிசுத்தது. ஆக 1936-ல் வெளிவந்த அந்தப் படத்தின் தளத்தில் கதையின் தாய்மொழி தெரிந்தவர் டங்கன். தமிழ் தெரியாதவரும் அவரே. அந்தப் படத்தில்தான் டி.எஸ். பாலையா திரைக்கு வந்தார். கூடவே, 100 ரூபாய் அட்வான்ஸ் வாங்கி இன்ஸ்பெக்டர் வேஷம் போட்ட ஒரு மெல்லிய இளைஞர். பெயர் எம்.ஜி. ராமச்சந்தர்.

தமிழ் தெரியாமல் எப்படித் தமிழ்ப்படம் எடுத்தார் என்று எல்லோரும் வியக்கிறார்கள். எனக்கு அதில் வியப்பே இல்லை. அந்தக் காலத்துப் படம் என்பது நாற்பது ஐம்பது பாட்டு, நடுவில் கொஞ்சம் மூச்சு. பார்க்கிறவர், எடுக்கிறவர் எல்லோருக்கும் காதுதான் வேலை செய்தது. நடிகர்கள் மேடையில் நிற்பதுபோல் கேமராவைப் பார்த்துக் கச்சேரி செய்தார்கள். காது உதவாத ஒருத்தர் வந்ததால்தான் முகத்தைப் பார்க்க ஆள் கிடைத்தது. 1937-ல் 'அம்பிகாபதி'. நடிகர் தியாகராஜ பாகவதரை வைத்து ரோமியோ ஜூலியட்டை உள்ளே நுழைத்தார். வசனம் எழுதிய இளங்கோவன் அதைத் தமிழாக்கிவிட்டார். கடவுள் வாழ்த்தையும் கணக்கில் சேர்த்து நூறு பாட்டு முடிந்தது என்று எண்ணித் தொலைத்த இளவரசி அமராவதியால் கம்பர் மகன் அம்பிகாபதியின் தலை போகிறது. கணக்கில் கோட்டைவிட்டதை மாபெரும் காதலாக்க நம்மால்தான் முடியும். படம் பிய்த்துக்கொண்டு ஓடியது.

'மீரா' (1945) எடுக்கும்போது துவாரகைக் கோயிலுக்குள் வெள்ளைக்காரரை விட மாட்டார்களாம். டங்கன் காஷ்மீரப் பண்டிதராக வேஷம் கட்டி உள்ளே போனதாகச் சொல்வார்கள். பொய்யாக இருந்தாலும் அதை விட எனக்கு மனசில்லை. படம் முழுக்க எம்.எஸ். சுப்புலட்சுமி பாடுகிறார், கேமரா அந்த முகத்தை விட்டு நகர மறுக்கிறது. அதை மட்டும் கிண்டல் செய்ய எனக்கு வாய் வரவில்லை.

1950-ல் 'பொன்முடி'. பாரதிதாசனின் கதைதான், ஆனாலும் காதல் காட்சிகளைப் பார்த்துப் பலருக்கு வியர்த்தது. 'அமெரிக்கன் கெடுத்துவிட்டான்' என்று ஏச்சு. அதே வருஷம் சேலம் மாடர்ன் தியேட்டர்ஸில் 'மந்திரி குமாரி'. வசனம் கருணாநிதி. அடுக்கடுக்காக இடி இடிக்கும் அந்த வசனம் ஒன்றும் விளங்காமலே 'ஓகே' சொன்ன ஒரே மனிதர் டங்கனாகத்தான் இருக்கும். புருஷனை மலையிலிருந்து தள்ளும் கதை அது. படம் முடியுமுன் டங்கன் ஊருக்குக் கிளம்பிவிட்டார். மீதியை முதலாளி டி.ஆர். சுந்தரம் முடித்தார்.

அப்புறம் வெஸ்ட் வர்ஜீனியாவில் ஆவணப்படங்கள். 2001-ல், 92 வயதில், காலமானார். அவர் 'கட்' சொன்னவர்களில் இரண்டு பேர் பாரத ரத்னா ஆனார்கள். அதில் ஒருவர் முதலமைச்சரும்கூட. வசனம் எழுதியவரும் முதலமைச்சராகி, 2010-ல் நான் உட்கார்ந்திருக்கும் இந்த ஒன்பது மாடி நூலகத்தைத் திறந்தும் வைத்தார்.

எங்கள் தெருவில் வாடகைக்கு இருக்கும் கான்பூர்ப் பையன், ஐஐடிக்காரன், நாலே மாதத்தில் 'அண்ணா, மீட்டர் போடுங்கண்ணா' என்று பிசகில்லாமல் சொல்கிறான். டங்கன் கதையைச் சொல்லி, 'நீயும் ஒரு படம் எடேன்' என்றேன்.

'எனக்குத் தமிழ் தெரிஞ்சு போச்சே சார்' என்கிறான்.